பெயர் தடை தாண்டுமா?

குழந்தை பிறந்த செய்தி வந்த மறுநாளே மலேசியாவின் பாரிட் புந்தாரில் பல வீடுகளின் வாட்ஸ்அப் குழுவில் ஒரு பட்டியல் சுற்றத் தொடங்கிவிடும். நட்சத்திரத்துக்குரிய முதல் எழுத்து, அதில் தொடங்கும் இருபது முப்பது பெயர்கள், ஒவ்வொன்றுக்கும் எதிரே எண்கணிதக்காரர் போட்டுக் கொடுத்த கூட்டுத்தொகை. பெரியம்மா ஒரு பெயரைச் சொல்வார். "அதுக்கு எட்டு வருது, வேண்டாம்" என்று சித்தப்பா தள்ளிவிடுவார். பொருள் என்ன என்று யாராவது கேட்டால், "நல்ல அர்த்தம்தான், நெட்டில் போட்டிருக்கு" என்பதோடு பேச்சு முடியும். ஆங்கிலத்தில் ஒரு 'எச்' கூட்டி, ஒரு 'ஏ'யை இரட்டிப்பாக்கி, பெயர் பிறப்புப் பத்திரத்தில் ஏறிவிடும்.

இதைக் கேலி செய்வது சுலபம். கேலி திறனாய்வு ஆகாது. இந்தப் பழக்கத்துக்குப் பின்னால் ஒரு கூற்று இருக்கிறது: பெயரின் பொருளும் எண்ணும் அதைச் சுமப்பவரின் வாழ்வை இழுத்துச் செல்லும் என்பது. கூற்று என்று வந்தபின் அதைச் சோதித்துத்தான் பார்க்க வேண்டும். சினிமாவிலும் அரசியலிலும் சோதிக்க முடியாது. வென்றவர் யார் என்பதிலேயே சண்டை வந்துவிடும். கடிகாரம் தீர்ப்புச் சொல்லும் இடமாகப் பார்த்து, பெண்கள் தடைதாண்டும் ஓட்டத்தை எடுத்துக்கொள்கிறேன். 400 மீட்டரில் பத்துத் தடைகள், ஒவ்வொன்றும் 76.2 சென்டிமீட்டர் உயரம். முதல் தடைக்கு 45 மீட்டர் ஓட வேண்டும், அதன்பின் 35 மீட்டருக்கு ஒன்று, கடைசித் தடையைத் தாண்டி 40 மீட்டர். நேரம் வினாடியின் நூறில் ஒரு பங்கு வரை அளக்கப்படுகிறது. ஓடுகிறவளின் பெயருக்கு என்ன பொருள் என்று அந்தக் கருவிக்குத் தெரியாது.

பெயரை நம்புகிறவர்களுக்கு முதலில் வலுவான சாட்சியைக் கொடுத்துவிடுகிறேன். பிரிட்டனின் சாலி கன்னெல். 1992 பார்சிலோனா ஒலிம்பிக்கில் 53.23 வினாடியில் தங்கம்; அடுத்த ஆண்டு ஸ்டுட்கார்ட் உலகப் போட்டியில் 52.74, அது அன்றைய உலக சாதனை. ஒலிம்பிக், உலகம், ஐரோப்பா, காமன்வெல்த் என நான்கு பட்டங்களையும் ஒரே சமயத்தில் வைத்திருந்தவர். முப்பது ஆண்டுகள் கழிந்தும் பிரிட்டனில் அந்த 52.74-ஐ யாரும் தொடவில்லை. 'சாலி' என்பது சாராவின் செல்லப்பெயர், எபிரேயத்தில் இளவரசி. 'கன்னெல்' என்ற குடும்பப்பெயர் குன்ஹில்ட் என்ற பழைய வடநாட்டுப் பெயரிலிருந்து வந்தது. அதன் இரண்டு பகுதிக்கும் போர் என்றே பொருள். இளவரசி, போர், போர். இதைவிட என்ன வேண்டும்?

ஆனால் பார்சிலோனாவில் அவர் வென்றது யாரை? அமெரிக்காவின் சாண்ட்ரா ஃபார்மர் பேட்ரிக்கை. ஃபார்மர் என்றால் விவசாயி. எசெக்ஸ் வட்டாரத்துப் பண்ணையில் வளர்ந்த உண்மையான விவசாயி மகளோ சாலி. ஸ்டுட்கார்ட்டிலும் இதே இருவர்தான். சாண்ட்ரா அன்று ஓடிய 52.79-உம் பழைய உலக சாதனையை முறியடித்த நேரம், ஆனால் அது இரண்டாவது இடத்துக்குத்தான் போதுமானதாக இருந்தது. போர் என்ற பெயர் சாலியை வெல்ல வைத்தது என்றால், அதே பெயரோடு 1991 டோக்கியோ உலகப் போட்டியில் சோவியத்தின் லெடோவ்ஸ்காயாவிடம் அவர் தோற்றது எப்படி? 1996 அட்லாண்டாவில் காயத்தோடு அரையிறுதியை முடிக்காமல் வெளியேறியது எப்படி? பெயர் மாறவில்லை. கால்தான் மாறியது.

இன்னொரு பிரிட்டிஷ் ஓட்டக்காரி ஷெர்லி ஸ்ட்ராங். குடும்பப்பெயருக்கு வலிமை என்றே பொருள். 1984 லாஸ் ஏஞ்சல்ஸில் 100 மீட்டர் தடைதாண்டும் ஓட்டத்தில் 12.88-இல் வந்தார், 12.84-இல் வந்த அமெரிக்காவின் பெனிட்டா ஃபிட்ஸ்ஜெரால்டுக்குத் தங்கம் போனது. ஸ்ட்ராங்குக்கு வெள்ளி. வலிமைக்கு வெள்ளிதானா என்று கேட்டால் நம்பிக்கைக்காரர், "வெள்ளியும் பெரிசுதானே" என்பார். வென்றால் பெயரால் வென்றது, தோற்றால் அதுவே பெரிது என்று சொல்லும் கூற்றைப் பொய்யென்று காட்ட வழியே கிடையாது. அப்படிப்பட்ட கூற்றுக்கு எடையும் கிடையாது.

அதே 1984 ஒலிம்பிக்கில்தான் பெண்கள் 400 மீட்டர் தடைதாண்டும் ஓட்டம் முதன்முதலாகச் சேர்க்கப்பட்டது. ஆகஸ்ட் 8-ஆம் தேதி நடந்த அந்த இறுதி ஓட்டத்தை நம் பக்கத்தில் யாரும் மறப்பதில்லை. முதலாவதாக மொரோக்கோவின் நவால் எல் முத்தவாக்கில், 54.61. இரண்டாவது அமெரிக்காவின் ஜூடி பிரவுன், 55.20. அதன்பின் மூன்று பேர் ஒரு கொத்தாக வந்து விழுந்தார்கள். ருமேனியாவின் கொஜோகாரு 55.41, இந்தியாவின் பி.டி. உஷா 55.42, சுவீடனின் ஸ்கோக்லுண்ட் 55.43. ஒருவருக்கும் மற்றவருக்கும் நடுவே நூறில் ஒரு வினாடி. இதில் வெண்கலம் ஒருத்திக்கு. (அந்த ஓட்டத்தில் எட்டாவதாக, அப்போது ஜமைக்காவுக்காக ஓடிய சாண்ட்ரா ஃபார்மரும் இருந்தார்.)

உஷா என்றால் விடியல். அன்று விடியவில்லையே என்று கேட்கலாம். ஆனால் அந்த நூறில் ஒரு வினாடி எங்கே போனது என்பதற்குப் பெயரைத் தேட வேண்டிய அவசியமே இல்லை. ஆஸ்திரேலியாவின் டெபி ஃபிளின்டாஃப் தவறாகப் புறப்பட்டதால் முதல் தொடக்கம் ரத்தானது. நன்றாகப் புறப்பட்டிருந்த உஷா திரும்பி வந்து மறுபடியும் கோட்டில் நிற்க வேண்டியதாயிற்று. முடிவுக்கோட்டில் கணக்கில் கொள்ளப்படுவது காலோ தலையோ அல்ல, உடற்பகுதி. மார்பை முன்னால் தள்ளி விழ வேண்டிய அந்தக் கணத்தில் அவர் பிந்தினார். அந்தப் போட்டிக்கு அவர் மாறியே அதிக நாள் ஆகியிருக்கவில்லை. ஒலிம்பிக் கிராமத்தில் தனக்கேற்ற சாப்பாடு கிடைக்காமல் கஞ்சியும் ஊறுகாயும் சாப்பிட்டு ஓடியதாகவும், கடைசி 35 மீட்டரில் அது தெரிந்ததாகவும் பின்னாளில் அவரே சொல்லியிருக்கிறார். தொடக்கம், பயிற்சி, உத்தி, உணவு என்று நான்கு காரணங்கள் கண்முன் கிடக்கின்றன. ஐந்தாவதாகப் பெயரைக் கொண்டுவந்து நிறுத்துகிறவர், முதல் நான்கையும் பார்க்க விரும்பாதவர்.

அந்த 55.42 இந்தியச் சாதனையாக 39 ஆண்டுகள் நின்றது. அதைத் தொட்டவர் கோயம்புத்தூரின் வித்யா ராம்ராஜ். 2023 செப்டம்பரில் சண்டிகரில் அவர் ஓடியது 55.43. உஷாவைத் தவறவிட்டது அதே நூறில் ஒரு வினாடியில். அடுத்த மாதம் ஹாங்சோ ஆசிய விளையாட்டின் தகுதிச் சுற்றில் சரியாக 55.42, மறுநாள் இறுதியில் 55.68, வெண்கலம். இரண்டு தொடர் ஓட்டங்களில் வெள்ளியும் சேர்த்து மூன்று பதக்கங்களோடு திரும்பினார்.

பெயர் விவகாரத்துக்கு இதைவிட நல்ல சோதனை கிடைக்காது. வித்யாவுக்கு இரட்டைச் சகோதரி உண்டு, நித்யா. அவரும் தடைதாண்டும் ஓட்டக்காரி, 100 மீட்டரில். அதே ஹாங்சோவில் அவரும் இறுதி ஓட்டத்தில் ஓடினார், பதக்கம் கிடைக்கவில்லை. ஒரே தாய் தகப்பன், ஒரே பிறந்த நாள், வாகனம் ஓட்டிப் பிழைத்த அதே தகப்பனின் வருமானத்தில் அதே சாப்பாடு, ஒரே விளையாட்டு. பெயரில் மட்டும் ஓர் எழுத்து வித்தியாசம்.

எண்ணைப் பார்ப்போம். நம் எண்கணிதக்காரர்கள் கையாளும் அட்டவணை பெரும்பாலும் கீரோ என்ற புனைபெயரில் எழுதிய அயர்லாந்துக்காரர் பரப்பியது. ஆங்கில எழுத்துக்குத்தான் அதில் எண். தமிழ் எழுத்துக்கு அதில் இடமில்லை. 'வி'க்கு 6, 'என்'னுக்கு 5, மற்ற ஐந்து எழுத்துகளும் இருவருக்கும் பொது, கூட்டினால் 12. ஆக வித்யா 18, நித்யா 17. கீரோவின் கணக்கில் 18 சண்டையும் சச்சரவும் தரும் கெட்ட எண். 17-ஓ பெயர் அழியாமல் நிற்கச் செய்யும் எண்; பொருளிலும் நித்யா என்றால் அழியாதது. எண்ணும் பொருளும் ஒன்றாகச் சேர்ந்து கைகாட்டியது நித்யாவை. பதக்கமும் சாதனையும் போனது வித்யாவிடம். உடனே "தகப்பன் பெயரைச் சேர்த்துப் பார்க்கணும்" என்பார்கள். பார்த்தேன். ராம்ராஜுக்கு 11. வித்யா 29, நித்யா 28. முடிவு பிடிக்காவிட்டால் தகப்பன் பெயர், அதுவும் பிடிக்காவிட்டால் முதலெழுத்து, அதுவும் போனால் பிறந்த தேதி. முடிவு தெரிந்த பிறகு விதியை மாற்றிக்கொள்வதைக் கணிதம் என்று அழைக்கக் கூடாது.

ஒரே பெயர் வைத்த இருவரையும் பார்த்துவிடலாம். தடையில்லாத ஓட்டம்தான், ஆனால் சோதனைக்குப் பொருந்தும். நம் நாட்டு ஜி. சாந்தி 1990-களில் தென்கிழக்காசியாவின் வேகமான பெண்களில் ஒருவர். சீ விளையாட்டில் அவர் ஓடும்போது தொலைக்காட்சி முன்னால் கூடாத தமிழ்க் குடும்பம் பேராக்கில் குறைவு. புதுக்கோட்டை சாந்தி சவுந்தரராஜன் 2006 தோஹா ஆசிய விளையாட்டில் 800 மீட்டர் வெள்ளி வென்றார். பாலினச் சோதனை என்ற பெயரில் அந்தப் பதக்கம் பறிக்கப்பட்டது. அதன்பின் பல ஆண்டுகள் அவருக்கு இல்லாமல் போனது சாந்திதான். ஒரே பெயர், ஒரே பொருள், இரண்டு வாழ்க்கை.

எதிர்ச்சாட்சியையும் மறைக்க வேண்டாம். ஒளியைக் குறிக்கும் பெயர்கள் இந்த ஓட்டத்தில் நிறையவே வருகின்றன. விடியலான உஷா. 100 மீட்டரில் ஆந்திராவின் ஜோதி யர்ராஜி. நம் நாட்டில் 400 மீட்டரில் 56.02 ஓடி, 2012 லண்டன் ஒலிம்பிக் வரை போன நோராசீலா காலிட். அவர் பெயரின் முன்பாதி அரபியில் ஒளி. மூன்று பேரும் ஒளி என்றால் அதில் ஏதோ இருக்கத்தானே வேண்டும்? இல்லை. தமிழ், தெலுங்கு, மலையாள, மலாய் வீடுகளில் பெண்ணுக்கு ஒளி என்று பெயர் வைப்பது அத்தனை சாதாரணம். தெருவுக்கு நான்கு ஜோதி, பள்ளிக்கூடத்துக்குப் பத்து நூர். ஓடாத ஜோதிகளை எண்ணாமல் ஓடிய ஜோதியை மட்டும் எண்ணினால் எந்தப் பெயரையும் நிரூபித்துவிடலாம். 2002-இல் அனுராதா பிஸ்வால் வைத்த 13.38 என்ற இந்தியச் சாதனை இருபது ஆண்டுகள் அசையவில்லை. 2022-இல் ஜோதி அதை முறியடித்தார். அதே ஆண்டில் 13 வினாடிக்குக் கீழும் இறங்கினார். இடையில் ஜோதியின் பெயர் மாறவில்லை. மாறியது புவனேஸ்வரத்துப் பயிற்சி மையமும் ஜேம்ஸ் ஹில்லியர் என்ற பிரிட்டிஷ் பயிற்சியாளரும்.

இத்தோடு நிறுத்தினால், பெயரில் என்ன இருக்கிறது, எதையாவது வையுங்கள் என்று சொல்லும் கூட்டத்தில் நானும் சேர்ந்துவிடுவேன். அவர்கள் வாதமும் அரைகுறை. பெயர் காலை ஓட வைக்காது என்பதால் அது ஒன்றுமே செய்யாது என்று ஆகிவிடாது.

மகாராஷ்டிரத்தின் சதாரா மாவட்டத்தில் 2011 அக்டோபரில் 285 பெண் பிள்ளைகளுக்கு ஒரே நாளில் புதுப்பெயர் வைத்தார்கள். அதுவரை அவர்கள் பெயர் 'நகுஷா', வேண்டாதவள். தமிழ்நாட்டில் 'வேண்டாம்' என்றும் 'போதும்பொண்ணு' என்றும் பெயர் வைத்த ஊர்கள் உண்டு; அடுத்தது ஆணாகப் பிறக்கும் என்று நம்பிக்கை. ஆசிரியர் வருகைப் பதிவேட்டில் தினமும் காலையில் "வேண்டாம்" என்று கூப்பிட, "உள்ளேன்" என்று ஒரு சிறுமி எழுந்து நிற்பதை நினைத்துப் பாருங்கள். பெயர் அவள் விதியை எழுதவில்லை. ஆனால் பெற்றவர்கள் அவளைப் பற்றி என்ன நினைத்தார்கள் என்பதை ஊருக்கெல்லாம் தினமும் ஒருமுறை வாசித்துக் காட்டுகிறது. பெயரின் பொருள் வேலை செய்வது இப்படி. அது வைத்தவரைப் பற்றிய சாட்சி. சுமப்பவரைப் பற்றிய ஜோசியம் அல்ல.

நம் வட்டாரத்துக்கு வருகிறேன். கிரியான் மாவட்டத்துக்கு நம்மவர்கள் முதலில் வந்தது கரும்புத் தோட்டங்களுக்கு, ரப்பர் அதன்பின். அந்தத் தலைமுறையின் முனியம்மாவும் அங்கம்மாவும் மாரியாயியும் அதிர்ஷ்டத்துக்காக வைத்த பெயர்கள் அல்ல. குலசாமியின் பெயர், இல்லையென்றால் பாட்டியின் பெயர். பேரன், பேத்தி என்ற உறவே பெயரன், பெயர்த்தி என்பதிலிருந்து வந்ததுதானே. கிராணியும் பதிவுக்காரரும் காதில் விழுந்தபடி எழுதியதால் லட்சுமிகள் நம் நாட்டுப் பத்திரங்களில் நடுவே ஒரு 'டி' சேர்ந்து 'லெச்சுமி'யாக நிற்கிறார்கள். எழுத்துப் பிழையே குடும்ப அடையாளமாகிவிட்டது. கீரோ இதற்கு எந்தக் கூட்டுத்தொகை போடுவார்?

விளையாட்டுப் பதிவில் இன்னொன்றும் நடக்கிறது. நமக்குக் குடும்பப்பெயர் கிடையாது. தகப்பன் பெயர்தான், நடுவில் இன்னார் மகள் என்று காட்டும் 'ஏ/பி'. உலகப் பதிவுக்காரர்களுக்கு அது புரியாது. தகப்பன் பெயரைக் குடும்பப்பெயராக்கிப் பெரிய எழுத்தில் முன்னால் போட்டுவிடுவார்கள். ஹாங்சோ பலகையில் இரட்டையர் இருவருமே 'ராம்ராஜ்'. நம் சாந்தி வெளிநாட்டுப் பதிவுகளில் 'கோவிந்தசாமி'. 1966 பாங்காக் ஆசிய விளையாட்டில் 400 மீட்டர் தங்கம் வென்று, நாட்டின் முதல் சிறந்த விளையாட்டு வீராங்கனையான பேராக்கின் எம். ராஜாமணிக்குள் ஒரு மயில்வாகனம் ஒளிந்திருக்கிறார். பேர் சொல்லும் பிள்ளை என்பது நம்மிடம் ஆண் பிள்ளைக்கு மட்டும் ஒதுக்கி வைத்த பேச்சு. தகப்பன் பேரை உலகப் பலகையில் ஏற்றியவர்கள் எல்லாம் இங்கே பெண் பிள்ளைகள்.

நன்னூல் பெயர்களை இடுகுறி என்றும் காரணம் என்றும் பிரிக்கும். அதைக் கடன் வாங்கிச் சொன்னால் தொட்டிலில் வைக்கும் பெயர் எதுவாயினும் இடுகுறிதான். பொருள் இருந்தாலும் அந்தக் குழந்தைக்கும் அதற்கும் இன்னும் தொடர்பில்லை. காரணப்பெயர் பின்னால், உழைத்த பிறகு வருவது. உஷாவுக்கு 'பய்யோளி எக்ஸ்பிரஸ்' என்ற பெயர் அப்படி வந்தது. நவால் வென்ற நாளில் மொரோக்கோ மன்னர் இரண்டாம் ஹசன், அன்று பிறக்கும் பெண் குழந்தைகளுக்கெல்லாம் நவால் என்று பெயரிட வேண்டும் என்று அறிவித்தார். அரபியில் நவால் என்றால் கொடை. ஆகஸ்ட் 8-க்கு முந்தைய நாள் வரை அந்தப் பெயருக்கு அகராதிப் பொருள் மட்டும் இருந்தது. 54.61 வினாடி ஓட்டம் அதற்கு வேறு பொருளை ஏற்றியது. நம்பிக்கைக்காரர்கள் காரணத்தையும் விளைவையும் இடம் மாற்றிப் போட்டுவிட்டார்கள் என்பதற்கு நான் வைக்கும் கடைசிச் சாட்சி இது.

ஆகவே என் தீர்ப்பு இரண்டு பகுதி. பெயரின் பொருளுக்கும் எண்ணுக்கும் ஓட்டத்தில் எந்தப் பங்கும் இல்லை. இதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் பெயருக்கு நல்ல பொருள் வேண்டும். அதிர்ஷ்டத்துக்காக அல்ல, அந்தப் பிள்ளைக்கு நாம் தரும் மரியாதைக்காகவும், அதை அழைக்கப்போகும் மொழிக்காகவும்.

வித்யாவின் ஓட்டத்தைப் பற்றியும் ஒன்றைச் சொல்லாமல் விட்டால் இந்த எடைபோடல் நேர்மையாகாது. சாதனையைச் சமன் செய்தது பெருமைதான். ஆனால் 1984-இல் 53.58 ஆக இருந்த உலக சாதனை, 2024 பாரிஸில் சிட்னி மெக்லாஃப்லின் ஓடியதோடு 50.37 ஆகிவிட்டது. உலகம் மூன்று வினாடிக்கு மேல் இறங்கிய காலத்தில் இந்தியா அதே 55.42-இல் நிற்கிறது, இங்கே மலேசியாவில் 56.02-இல். புல் திடலில் சுண்ணாம்புக் கோடு போட்டு, சாதாரணக் கேன்வாஸ் காலணியில் ஓடும் பன்னிரண்டு வயதுப் பெண்ணுக்கு எந்தப் பெயரும் உலக சாதனைக்கும் நமக்கும் நடுவிலுள்ள அந்த ஐந்து ஆறு வினாடியைக் குறைத்துத் தராது.

பாரிட் புந்தார்ப் பெற்றோர்களுக்கு ஒரு வேண்டுகோள். பெயர் பார்க்க எடுத்து வைத்த பணத்தை அப்படியே வைத்திருங்கள். பிள்ளை பத்து வயதில் ஓட ஆசைப்பட்டால் ஒரு ஜோடி ஸ்பைக்ஸ் காலணி வாங்கிக் கொடுங்கள். பிறகு பள்ளிக்கூடத்துக்குப் போய், தடை தாண்டக் கற்றுக் கொடுக்கும் ஆசிரியர் இருக்கிறாரா என்று கேளுங்கள். இல்லை என்றால், ஏன் இல்லை என்று பெற்றோர் ஆசிரியர் சங்கக் கூட்டத்தில் எழுந்து கேளுங்கள்.